கத்தரிக்கோலால் படம் எடுத்த பெண்!

கையில் கத்தரிக்கோல். எதிரே கறுப்பு அட்டை. பென்சில் கோடு கூடக் கிடையாது. கத்தரிக்கோல் வளைந்து வளைந்து ஓடும். அட்டை குதிரையாகிவிடும்!

அந்தக் கைகாரி லோட்டே ரைனிகர். ஜெர்மனியில் பெர்லின் நகரில் 1899-ல் பிறந்தவர். நாடகப் பள்ளியில் படித்தபோது நடிகர்களின் உருவங்களை வெட்டிக் கொடுப்பார். அது பிரபல நடிகர் பால் வெகனரின் கண்ணில் பட்டது.

எலி நடிக்குமா?

1918-ல் வெகனர் ஒரு படம் எடுத்தார். ஒருவன் குழல் ஊதுவான். ஊர் எலிகள் எல்லாம் அவன் பின்னால் போகவேண்டும். நிஜ எலி சொன்ன பேச்சைக் கேட்குமா? மர எலிகளைச் சிறிது சிறிதாக நகர்த்திப் படம் பிடித்தார்கள். அந்த வேலையில் லோட்டே உதவினார். திரையில் எலிகள் ஓடின!

கார் கொட்டகை மாடியில்

1923. ஜெர்மன் பணத்தின் மதிப்பு பாதாளத்துக்குப் போய்விட்டது. லூயி ஹாகன் என்ற பாங்கு அதிபர், பணத்தை நம்பாமல் கச்சா பிலிமை வாங்கிப் போட்டிருந்தார். அதைக் கொண்டு முழு நீளப் படம் எடுக்கும்படி லோட்டேயிடம் சொன்னார்.

போட்ஸ்டாம் நகரில் அவருடைய கார் கொட்டகைக்கு மேலே தாழ்வான ஓர் அறை. அதுதான் ஸ்டூடியோ! கண்ணாடி மேஜை, கீழே விளக்கு, மேலே காமிரா. பாவைகளின் கைகால்களைக் கம்பியால் மூட்டியிருந்தார்கள். பழைய கார் இருக்கையில் மண்டியிட்டு, லோட்டே பாவையை இம்மியளவு நகர்த்துவார். ஒரு படம் பிடிப்பார்கள். மறுபடி நகர்த்துவார், மறுபடி ஒரு படம். காமிராவைக் கணவர் கார்ல் கோக் பார்த்துக்கொண்டார். இப்படியே 3 வருடம்! பொறுமை என்றால் இதுவல்லவா பொறுமை?

1926 மே மாதம் பெர்லினில் 'இளவரசன் அகமதின் சாகசங்கள்' திரையிடப்பட்டது. பறக்கும் குதிரை, மந்திரவாதி, அலாவுதீன் எல்லாம் உண்டு. முழு நீளச் சித்திரப் படங்களில் இன்று மிஞ்சியிருப்பவற்றுள் இதுவே பழமையானது. வால்ட் டிஸ்னியின் 'ஸ்நோ ஒயிட்' வந்தது 1937-ல்தான். ஆனால் பெயரைத் தட்டிக்கொண்டு போனவர் டிஸ்னி!

நாடு நாடாக

1933-ல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். அவருடைய ஆட்சியில் வாழ லோட்டே தம்பதிக்கு மனம் இல்லை. வெளியேறினார்கள். விசா முடிந்தால் வேறு நாடு. கடைசியில் தாயாருக்கு நோய் என்று, யுத்தத்தின் நடுவே பெர்லின் திரும்பினார்கள். 1945-ல் அங்கே நடந்த சண்டையில் அகமது படத்தின் மூல நெகடிவ் அழிந்தது. பிரிட்டனில் இருந்த பிரதி தப்பியது.

1949-ல் லண்டனில் குடியேறி, டெலிவிஷனுக்காகக் குழந்தைக் கதைகளைப் படமாக்கினார். அவற்றில் ஒரு தையல்காரன் கதைக்கு 1955-ல் வெனிஸ் விழாவில் பரிசு கிடைத்தது. 1979-ல் கனடாவில் 'ரோஜாவும் மோதிரமும்' எடுத்தபோது அவருக்கு வயது 80.