திரை மறைவில் ஓர் இசைப் புலவர்

திரைப்படம் பார்த்துத் திரும்புவோரிடம், "நடித்தவர் யார்?" என்று கேட்டால் உடனே விடை வரும். பாட்டைப் பற்றிக் கேட்டால் பாடியே காட்டுவர். ஆனால் பாட்டில்லாத இடங்களில், பேச்சின் அடியிலும் மௌனத்தின் நடுவிலும் ஒலித்த இசை எத்தகையது என்று கேட்டால் பெரும்பாலோர் விழிப்பர். அந்த இசைக்கே தம் புலமையைச் செலவிட்ட ஒருவரை இங்கே அறிமுகம் செய்ய விரும்புகிறேன். அவர் ஸ்பெயின் நாட்டு இசையமைப்பாளர் ஹெசூஸ் கார்சியா லேயோஸ்.

ஸ்பெயினின் வடபகுதியாகிய நவாராவில், ஒலீத்தே என்னும் சிற்றூரில் 1904-ஆம் ஆண்டு அவர் பிறந்தார். இளமையில் சில காலம் ஆர்ஜென்டீனாவில் வாழ்ந்தார். பின்பு மாட்ரிட் நகரில் கொன்ராதோ தெல் காம்போ என்னும் ஆசிரியரிடம் இசை இயற்றும் கலையைப் பயின்றார். அதன்பின் ஹோவாக்கின் தூரினாவின் மாணாக்கரானார். தூரினா, தென் ஸ்பெயினின் நாட்டு மெட்டுக்களை ஐரோப்பிய சாஸ்திரிய இசையின் வடிவங்களுக்குள் அழகுறப் பொருத்தியவர். அந்த மரபில் வந்த லேயோஸ், பியானோவுக்கும் வயலினுக்கும் தந்தி வாத்திய நால்வர் குழுவுக்கும் இசை இயற்றினார். கவிஞர் லோர்க்காவின் கவிதைகளுக்கு அவர் அமைத்த பாடல்களை இன்றும் இசை அரங்குகளில் பாடுகின்றனர்.

இத்தகைய புலவர் திரைப்படத்துக்கும் வந்தார். 1936 முதல் 1939 வரை நடந்த உள்நாட்டுப் போரால் நொடிந்திருந்த நாட்டில், கச்சேரி இசையை மட்டும் நம்பி வாழ்தல் எளிதாக இருந்திராது.

திரைப்பட இசையமைப்பாளரின் பணி விசித்திரமானது. படம் எடுத்து, வெட்டி ஒட்டி முடிந்த பிறகே பெரும்பாலும் அவர் முறை வரும். இந்தக் காட்சி நாற்பது விநாடி, அந்தக் காட்சி பதினைந்து விநாடி என்று அளந்து கொடுப்பர். அந்த அளவுக்குள் இசை தொடங்கி, வளர்ந்து, முடிய வேண்டும். பாத்திரம் பேசும்போது வாத்தியங்கள் குரலை மூழ்கடிக்கலாகாது. காட்சியில் இல்லாத உணர்ச்சியை வலிந்து புகுத்தவும் கூடாது. எங்கே ஒலிக்கக் கூடாது என்று அறிவதே இக்கலையின் பாதி.

லேயோஸ் பல பத்துப் படங்களுக்கு இசை தந்தார். 1951-இல் வெளிவந்த "உழவுச்சால்கள்" அவற்றுள் ஒன்று. பிழைப்பை நாடிக் கிராமத்திலிருந்து மாட்ரிட் வந்த குடும்பம் ஒன்று நகரத்தில் சிதைவதைக் கூறும் கசப்பான கதை அது. ஆனால் அவரை நினைவுகூரச் செய்யும் படம் பெர்லாங்கா இயக்கிய "நல்வரவு, திருவாளர் மார்ஷல்".

இரண்டாம் உலகப் போருக்குப் பின் மேற்கு ஐரோப்பிய நாடுகளுக்கு அமெரிக்கா அளித்த மார்ஷல் திட்ட உதவியில் ஸ்பெயினுக்குப் பங்கில்லை. அந்த ஏக்கத்தைப் படம் நகைச்சுவையாக்கியது. அமெரிக்கர் வருகின்றனர் என்று கேட்ட ஒரு கிராமம், தன்னையே அலங்கரித்துக்கொண்டு காத்திருக்கிறது. அவர்களோ நில்லாமல் விரைந்து கடந்து செல்கின்றனர். இடையே ஊரார் சிலர் கனவு காண்கின்றனர். ஊர்த்தலைவரின் கனவு அமெரிக்கக் குதிரைவீரர் படம் போன்றது; பாதிரியாரின் கனவு அச்சமூட்டும் நீதி விசாரணை; பழங்குடிப் பெருமை பேசும் பிரபுவின் கனவில் அவர் கடல் கடந்து நாடு பிடிக்கச் செல்கிறார். கனவுக்குக் கனவு படத்தின் பாணி மாறுகிறது. இசையும் உடன் உடை மாற்ற வேண்டும். அதே வேளையில் இவையனைத்தும் ஒரே கிராமத்தாரின் கனவுகள் என்ற ஒருமையும் கெடலாகாது. பல வடிவங்களில் பழகிய கை இல்லாமல் இது கூடுமோ?

படத்தில் மக்கள் மனத்தில் நின்றது, அமெரிக்கரை வரவேற்கும் பாட்டு. அதற்கு மெட்டமைத்தவர் ஹுவான் சொலானோ என்னும் வேறொருவர். பாட்டைப் பரப்பியவர் நடிகை லோலீத்தா செவிய்யா. பாட்டு ஊரெங்கும் ஒலித்தது. பாட்டுக்கு வெளியே கதையைத் தாங்கிய இசையின் ஆசிரியரோ பின்னுக்குப் போனார்.

இதனினும் வருந்தத்தக்கது ஒன்று உண்டு. 1953 பிப்ரவரியில், நாற்பத்தொன்பது வயதில், லேயோஸ் மறைந்தார். படம் திரைக்கு வந்தது ஏப்ரலில். அதே மாதம் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் நகைச்சுவைக்கான பரிசையும் அது பெற்றது. பெர்லாங்காவும் பார்தெமும் 1951-இலேயே எடுத்து முடித்த "அந்த இன்பத் தம்பதியர்" என்ற படத்துக்கும் அவரே இசையமைத்திருந்தார். அதுவும் அவர் மறைவுக்குப் பின்னரே மக்களை அடைந்தது.

கச்சேரிக்கு இயற்றுவது உயர்வு, திரைக்கு இயற்றுவது தாழ்வு என்று சிலர் கருதுவதுண்டு. தந்தி வாத்தியங்களுக்கு எழுதிய அதே பேனாவால்தான் லேயோஸ் திரைக்கும் எழுதினார். மாணவ நண்பர்களே, அடுத்த முறை ஒரு படம் பார்க்கையில், பாட்டு முடிந்த பின்னும் செவியைத் திறந்து வையுங்கள். அங்கே உழைத்திருப்பவரின் பெயர் எழுத்தில் ஓடும்போது, அதையும் ஒருமுறை படியுங்கள்.