மஞ்சளின் நிறமும் அதில் கலக்கும் நஞ்சும்

"இரசாயனம் கலவாதது" என்னும் விளம்பரத்தை இக்காலத்தில் உணவுப் பொட்டலங்களிலும் முகப்பூச்சுப் புட்டிகளிலும் காண்கிறோம். உண்மையில் இத்தொடர் பொருளற்றதாகும். கறியுப்பு சோடியம் குளோரைடு; பருகும் நீரும் ஓர் இரசாயனச் சேர்மமே. நம் வைத்திய நூல்களில் இரசாயனம் என்ற சொல் உடலுக்கு உரமும் ஆயுளும் அளிக்கும் மருந்தைக் குறித்தது. அதே சொல் இன்று அச்சத்தின் பெயராகிவிட்டது விந்தையே. ஒரு பொருளில் இரசாயனம் உண்டா என்று வினவுவதால் பயனில்லை. இருப்பது யாது, எவ்வளவு, எதன்பொருட்டுச் சேர்க்கப்பட்டது என்றே வினவுதல் வேண்டும். அடுக்களையிலும் நெற்றியிலும் ஒருங்கே இடம்பெற்ற மஞ்சளைக் கொண்டு இதனை விளக்கலாம்.

மஞ்சட் கிழங்கிற்கு நிறம் தருவது குர்க்குமின் என்னும் பொருள். 1815-ஆம் ஆண்டில் வோகல், பெல்லட்டியே என்ற இருவர் இதனைப் பிரித்தெடுத்தனர். கிழங்கில் இது நூற்றுக்கு ஏறக்குறைய 3 பங்கு இருக்கும். இரகத்திற்கேற்பக் கூடும், குறையும். காரம் பட்டால் இது சிவக்கும். குழம்புக் கறை படிந்த வேட்டியில் சவர்க்காரம் தேய்த்தவுடன் கறை சிவப்பதும், மஞ்சள் நீரில் சுண்ணாம்பிட்டு ஆலம் கரைப்பதும் இவ்வியல்பினாலேயே. மஞ்சளோடு சுண்ணாம்பு முதலிய காரப்பொருள் சேர்த்துக் குங்குமம் ஆக்குவதும் இதுவே. அத்தகைய குங்குமத்தில் எலுமிச்சஞ்சாறு விட்டால் மீண்டும் மஞ்சளாகும். சிவப்பு மாறாது நின்றால் நிறம் வேறொரு சாயத்தினது என அறியலாம். செலவின்றி வகுப்பில் செய்து காட்டத்தக்க சோதனை இது. ஆயினும் மாறாத சிவப்பெல்லாம் நஞ்சு என்று மாணவர் கொண்டுவிடலாகாது. வடநாட்டில் வகிட்டில் இடும் சிந்தூரத்தில் செவ்வீயம் இருந்ததுண்டு, அது நஞ்சு. வேறு சில சாயங்கள் அத்துணைக் கேடு பயப்பனவல்ல.

பொட்டலங்களில் அச்சிடப்படும் எண்களும் இவ்வாறே வீணான அச்சம் விளைவிக்கின்றன. 100 என்ற எண் குர்க்குமினையே குறிக்கும். 102 என்பது டார்ட்ரசீன் என்னும் செயற்கைச் சாயம். சில தின்பண்டங்களில் வரையறுத்த அளவுக்குள் அதனைச் சேர்க்கச் சட்டம் இடம் தருகிறது. மஞ்சள் தூளில் சேர்ப்பதோ குற்றம்.

மஞ்சளில் கலப்படமாக வருவனவற்றுள் இரண்டு குறிப்பிடத்தக்கவை. மெட்டானில் மஞ்சள் என்பது உணவுக்கு அனுமதிக்கப்படாத சாயம். ஐயத்திற்குரிய தூளில் ஹைட்ரோகுளோரிக் அமிலம் சில துளி விட்டால் செந்நிறம் தோன்றும். நீர் ஊற்றிய பின்னும் அந்நிறம் மறையாவிடில் இச்சாயம் இருக்கலாம். அமிலத்தை ஆசிரியரே கையாளுதல் நன்று.

இதனினும் கொடியது ஈயக் குரோமேட். வண்ணப்பூச்சுத் தொழிலில் பயன்படும் பளிச்சிடும் மஞ்சள் நிறப்பொடி இது. வேகவைத்து உலர்த்திய கிழங்கை உருளையிலிட்டு மெருகேற்றும்போது சிலர் இதனைத் தூவுகின்றனர். மழையில் நனைந்து நிறம் மங்கிய சரக்கும் இதனால் முதல்தரம் போலத் தோன்றும். பளபளப்பைக் கண்டு விலை கொடுக்கும் நம் வழக்கமே இக்கலப்படத்தை வளர்க்கிறது என்பதை மறைப்பதிற் பயனில்லை. 2024-இல் வெளிவந்த ஓர் ஆய்வில், பாட்னாவில் வாங்கிய மஞ்சளில் கிராமுக்கு 1,000 மைக்ரோகிராமுக்கு மேலும் ஈயம் காணப்பட்டது. நம் நாட்டு விதி அனுமதிப்பது 10 மைக்ரோகிராம்.

ஈயத்திற்குச் சுவையில்லை, மணமில்லை. உட்கொண்ட ஈயத்தில் பெரியோரைவிடக் குழந்தைகள் நான்கைந்து மடங்கு மிகுதியாக உறிஞ்சுகின்றனர். வளரும் மூளையை அது தாக்கி, கற்கும் ஆற்றலைக் குறைக்கிறது. அக்குறை மீளாதிருத்தலும் உண்டு. தீங்கற்ற அளவு என ஈயத்திற்கு எதுவும் அறியப்படவில்லை என்று உலகச் சுகாதார நிறுவனம் கூறுகிறது. கறியில் இடும் மஞ்சள் சிறிதேயாயினும் நாள்தோறும் சேர்வதை நினைவிற் கொள்க.

இக்கேடு தடுக்க இயலாததன்று. வங்காளதேசச் சந்தைகளில் 2019-இல் எடுத்த மஞ்சள் மாதிரிகளில் 47 விழுக்காட்டில் ஈயக் கலப்படம் இருந்தது. செய்தி பரப்பியும் வணிகரைத் தண்டித்தும் வந்ததன் பயனாக 2021-இல் அது அறவே காணப்படவில்லை.

முழுக் கிழங்கை நீரிலிட்டவுடன் நீர் பளிச்சென மஞ்சளாயின் மேற்பூச்சு உண்டென ஐயுறலாம். ஆனால் நீர் தெளிவாயிருப்பது கொண்டு ஈயமில்லை எனத் துணிதல் கூடாது. அதனை ஆராய்ச்சிசாலையிலேயே அறிய இயலும். களப்பணியாளர் மக்களுக்குச் சொல்ல வேண்டுவன சிலவே. மங்கலான முழுக் கிழங்கை வாங்கிக் கழுவி உலர்த்தி அரைத்துக் கொள்வது நலம். ஐயம் நேரின் உணவுப் பாதுகாப்பு அலுவலரிடம் தெரிவிக்கலாம். 2006-ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு மற்றும் தரநிர்ணயச் சட்டம் 40-ஆம் பிரிவின்படி, வாங்கியவர் தாமே கட்டணம் செலுத்தி உணவுப் பகுப்பாய்வாளரிடம் பொருளைச் சோதித்துக் கொள்ளவும் கூடும். குற்றம் மெய்ப்படின் அக்கட்டணம் அவருக்குத் திருப்பித் தரப்படும்.