கசிப்பு வழக்கில் பிடிபட்ட வண்டி: உரிமையாளருக்கு என்ன வழி?

மூதூர், கிண்ணியா, குச்சவெளிப் பக்கங்களில் சட்ட விடயங்கள் பற்றிப் பேசப் போகும்போது என்னிடம் அதிகம் கேட்கப்படும் கேள்வி இது: "வண்டி என்னுடையது, கசிப்புக் கொண்டுபோனது வேறு ஆள். வண்டி எனக்குத் திரும்பக் கிடைக்குமா?"

கிடைக்க வழி உண்டு. ஆனால் உரிமையாளர் நீதிமன்றத்தில் தோன்றிக் கேட்க வேண்டும். பொலிஸ் நிலைய வாசலில் காத்திருப்பதால் பயனில்லை. கணவனை யுத்தத்தில் இழந்து, முச்சக்கரவண்டியொன்றை நாள் வாடகைக்கு விட்டுச் சீவிக்கும் பெண்ணுக்கு அந்த வண்டிதான் வருமானம். துறைமுகத்து உப்புக்காற்றில் அது மாதக்கணக்கில் நின்றால், வழக்கில் வென்றாலும் மிஞ்சுவது துருதான்.

இங்கே இரண்டு கட்டங்கள் உண்டு. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்வதுதான் பலரைச் சிக்கலில் தள்ளுகிறது.

முதலாவது, வழக்கு முடியும் முன்னர் வண்டியைப் பொறுப்பில் எடுப்பது. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 431ஆம் பிரிவின்படி, பொலிஸார் கைப்பற்றிய பொருளை உடனடியாக நீதவானுக்கு அறிவிக்க வேண்டும். அதை வைத்திருக்க உரித்துள்ளவரிடம் ஒப்படைக்குமாறு நீதவான் கட்டளையிடலாம், நிபந்தனைகளும் விதிக்கலாம். பிணைமுறி எழுதுவது, வண்டியை விற்கவோ உருமாற்றவோ கூடாது, கேட்கும்போது மன்றில் முற்படுத்த வேண்டும் என்பன வழமையான நிபந்தனைகள். சட்டத்தரணி ஊடாக நகர்த்தல் பத்திரம் தாக்கல் செய்து இதைக் கோரலாம். கசிப்பும் வடிக்கும் உபகரணங்களும் இப்படித் திரும்பி வராது. இது வாகனம் போன்ற, வைத்திருப்பதே குற்றமாகாத பொருட்களுக்கான வழி.

இந்திய உயர் நீதிமன்றமும் 2002இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் இதையே வலியுறுத்தியது. வாகனங்களைப் பொலிஸ் நிலையங்களில் நீண்டகாலம் நிறுத்தி வைப்பதில் பயனில்லை, படம் எடுத்து, பிணைமுறி பெற்று ஒப்படைக்கலாம் என்றது. அந்தத் தீர்ப்பு இலங்கை நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. ஆயினும் அதன் நியாயம் இங்கும் பொருந்தும் என்பதே என் கருத்து.

இரண்டாவது கட்டம் பறிமுதல். 1912ஆம் ஆண்டின் மதுவரிக் கட்டளைச்சட்டம், மதுபானத்தை மட்டுமன்றி அதை ஏற்றிச் சென்ற வாகனத்தையும் பறிமுதலுக்கு உள்ளாக்குகிறது. வண்டியைப் பிணையில் எடுத்துவிட்டோம், இனிப் பயமில்லை என்று இருந்துவிடக் கூடாது. சாரதி முதல் தவணையிலேயே குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டப்பணம் கட்டிவிட்டுப் போய்விடுவார். அவருக்கு வழக்கு முடிந்துவிடும். வண்டிக்கு அப்போதுதான் கேள்வி தொடங்கும்.

இந்த இடத்தில் 1987ஆம் ஆண்டின் மானவடு எதிர் சட்டமா அதிபர் வழக்கை அறிந்திருப்பது நல்லது. அனுமதிப்பத்திரமின்றி மரம் ஏற்றியவர்கள் குற்றத்தை ஏற்றுக்கொள்ள, வழக்கில் எதிரியாக இல்லாத உரிமையாளரின் லொறி பறிமுதலானது. அவரை விசாரிக்காமல் லொறியைப் பறிக்க முடியாது என்று எமது உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தனக்குத் தெரியாமலும் தன் பங்கில்லாமலும் குற்றம் நடந்தது என அவர் மன்றைத் திருப்திப்படுத்தினால் லொறியை இழக்க வேண்டியதில்லை.

ஆனால் எல்லாச் சட்டமும் ஒரே மாதிரி இல்லை. காட்டுக் கட்டளைச்சட்டம் 2009இல் திருத்தப்பட்ட பின், 'எனக்குத் தெரியாது' என்பது மட்டும் போதாது. குற்றத்தைத் தடுக்க எல்லா முன்னெச்சரிக்கையும் எடுத்ததை உரிமையாளர் நிரூபிக்க வேண்டும். எனவே எந்தச் சட்டத்தின் கீழ் குற்றச்சாட்டு என்பதை முதலில் கேட்டறியுங்கள். எதுவானாலும் வாடகை ஒப்பந்தத்தை எழுத்தில் வைத்திருங்கள். சட்டவிரோதப் பொருள் ஏற்றக் கூடாதென்று அதில் ஒரு வரி இருக்கட்டும். சாரதியிடம் அவ்வப்போது விசாரித்ததற்கும் சான்று இருந்தால் நல்லது.

எமது மக்களுக்கு இன்னொரு சிக்கல் ஆவணம். 2006இல் சம்பூரை விட்டு ஓடியவர்கள் பலர் கையில் கிடைத்ததோடுதான் ஓடினார்கள். இன்றும் இறந்த கணவனின் பெயரிலோ, பெயர் மாற்றாமல் கைமாறியோ இருக்கும் வாகனங்கள் உண்டு. லீசிங் எடுத்த வண்டியென்றால் பதிவுப் புத்தகத்தில் நிதி நிறுவனமே முழு உரிமையாளராக இருக்கும். அவர்களுக்கும் உடனே அறிவிக்க வேண்டும். பிடிபட்ட பிறகு இவற்றைச் சீர்செய்வது கடினம். பெயர் மாற்றத்தை இன்றே தொடங்குவது மலிவு.

விளங்காத மொழியில் எழுதிய வாக்குமூலத்தில் கையெழுத்திட வேண்டாம். வாசித்து மொழிபெயர்த்துக் காட்டுமாறு கேளுங்கள். சட்டத்தரணிக்குப் பணமில்லாவிட்டால், 1978ஆம் ஆண்டின் சட்டத்தால் அமைக்கப்பட்ட சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம். நீதவானின் கட்டளை பிழையென்று கருதினால் மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனு தாக்கல் செய்யலாம். அதில் தாமதம் ஆகாது. காலம் கடந்து போனால், ஏன் பிந்தியது என்பதே முதல் கேள்வியாக வரும்.