ஆங்கில உதைபந்தாட்டமும் ஸ்பானியச் செல்வாக்கும்

கொல்லன் தெருவில் ஊசி விற்பதென்பது நம்மவர் பழமொழி. உதைபந்தாட்டத்துக்கு விதி வகுத்து அதனை உலகெங்கும் பரப்பிய நாடு இங்கிலாந்து. அந்நாட்டுக்கு வேற்று நாட்டார் சென்று பந்தாடக் கற்பித்தல் இப்பழமொழிக்கு நல்லதோர் எடுத்துக்காட்டாகவே தோன்றும். ஆயினும் அது நிகழ்ந்தேவிட்டது. 2016ஆம் ஆண்டில் மன்செஸ்டர் சிற்றிக் கழகத்தின் பொறுப்பை ஏற்ற ஸ்பானியப் பயிற்றுநர் பெப் குவார்டியோலா, 2018 முதல் 2024 வரையான ஏழு பருவங்களுள் ஆறில் இங்கிலாந்தின் முதன்மைப் பட்டத்தை அக்கழகத்துக்கு ஈட்டிக் கொடுத்தார். அவற்றுள் முதலாவது பருவத்தில், 38 ஆட்டங்களில் 100 புள்ளிகளும் 106 கோல்களும் பெறப்பட்டன. கொல்லன் தெருவில் ஊசி விலைபோயிற்று. அந்த ஊசி முதலில் எந்த உலையில் அடிக்கப்பட்டது என்பதே ஆராயத்தக்க வினா.

இலண்டனில் உதைபந்தாட்டச் சங்கம் நிறுவப்பட்டது 1863ஆம் ஆண்டில். அக்காலத்து ஆங்கிலேயர் ஆடிய முறை எளிமையானது. பந்தைப் பெற்றவர் அதனைக் காலால் தட்டிக்கொண்டு எதிரிகளூடே பாய்ந்தோடுவார். ஏனையோர் அவரைத் தொடர்ந்து ஓடுவர். தனியொருவரின் வேகமும் உடல்வலிமையுமே அங்கு பெரிதெனக் கொள்ளப்பட்டன. 1872 நவம்பர் 30ஆம் திகதி கிளாஸ்கோ நகரையடுத்த பாட்டிக்கில் இங்கிலாந்தும் ஸ்கொட்லாந்தும் மோதிய முதலாவது சர்வதேச ஆட்டத்தில் வேறொரு முறை வெளிப்பட்டது. ஸ்கொட்லாந்தின் வீரர் அனைவரும் குயின்ஸ் பார்க் கழகத்தைச் சேர்ந்தவர். ஆங்கிலேயரைவிட உடல் மெலிந்தவர்களாதலின் அவர்கள் முட்டி மோதுவதைத் தவிர்த்து, பந்தைத் தமக்குள் ஒருவருக்கொருவர் கொடுத்து ஆடினர். கோல் எதுவுமின்றி அவ்வாட்டம் சமநிலையில் முடிந்தது. எனினும் பந்தைப் பகிர்ந்தாடும் கலைக்கு அன்று ஒரு வழி பிறந்தது.

இங்கிலாந்தில் இவ்விரு முறைகளும் நெடுங்காலம் கலந்தே வழங்கின; ஆயின் வேகமும் வலிமையுமே மேலோங்கின. பகிர்ந்தாடும் முறையை நன்கு கற்றோர் பலர், அதற்கு மதிப்புத் தேடிக் கடல்கடந்து செல்லலாயினர்.

ஸ்பெயின் நாட்டுக்கு இவ்விளையாட்டுச் சென்றது வணிகத்தின் வழியாகவே. 1873ஆம் ஆண்டில் ரியோ ரின்ரோச் சுரங்கங்களைப் பிரித்தானிய நிறுவனமொன்று விலைக்கு வாங்கியது. அங்கு பணிபுரியச் சென்ற பிரித்தானியரின் முயற்சியால், 1889ஆம் ஆண்டில் உவெல்வா நகரில் ஸ்பெயினின் மிகப் பழைய உதைபந்தாட்டக் கழகம் தோன்றியது. வடக்கே பில்பாவோத் துறைமுகத்திலிருந்து இரும்புத்தாது பிரித்தானியாவுக்குச் சென்றது. அங்கிருந்து நிலக்கரி வந்தது. கரியோடு பந்தும் வந்தது எனலாம். கப்பற்பட்டறைத் தொழிலாளரும், இங்கிலாந்தில் கல்வி கற்று மீண்ட பாஸ்க் இளைஞரும் ஆடிய ஆட்டத்திலிருந்து 1898ஆம் ஆண்டில் அத்லெற்றிக் கழகம் உருவாயிற்று. அதன் பெயரே ஆங்கிலப் பெயர். பிராங்கோவின் ஆட்சி 1941ஆம் ஆண்டில் அப்பெயரை ஸ்பானிய மொழிக்கு மாற்றுவித்தது. 1972ஆம் ஆண்டிலேயே கழகம் தன் பழைய பெயரை மீளப் பெற்றது.

இக்கழகத்தின் வரலாற்றில் மறக்கவொண்ணாத ஒருவர் பிரெட் பென்ற்லண்ட். வுல்வர்ஹம்ரனில் பிறந்த இவர் 1909ஆம் ஆண்டில் இங்கிலாந்துக்காக ஐந்து ஆட்டங்களில் ஆடியவர். 1914ஆம் ஆண்டில் பயிற்றுநராய் ஜேர்மனிக்குச் சென்றபோது போர் மூண்டது; பேர்லினுக்கு அண்மையிலுள்ள ரூலேபன் முகாமில் சிறைவைக்கப்பட்டார். போரின் பின்னர் ஸ்பெயினுக்குச் சென்று, 1922ஆம் ஆண்டில் அத்லெற்றிக் கழகத்தை ஏற்றார். பந்தை நெடுந்தூரம் உதைத்துவிட்டு அதன்பின் ஓடும் பழக்கத்தை விடுத்து, குறுகிய தூரத்தில் ஒருவருக்கொருவர் கொடுத்தாடும் முறையை அங்கு புகுத்தினார். சப்பாத்து நாடாவைச் செவ்வனே கட்டுவதிலிருந்தே தம் முதற்பாடத்தைத் தொடங்கினார் எனக் கூறுவர். 1930, 1931ஆம் ஆண்டுகளில் தேசிய லீக் பட்டத்தையும், 1930 முதல் 1933 வரை தொடர்ந்து நான்கு முறை அரசர் கிண்ணத்தையோ அதன் வழிவந்த குடியரசுக் கிண்ணத்தையோ அக்கழகம் வென்றது. வெற்றி கிட்டியதும் வீரர்கள் அவருடைய வட்டத் தொப்பியைப் பறித்து மிதித்து மகிழ்வது வழக்கமாயிற்று.

1929 மே 15ஆம் திகதி மட்றிட்டில் இங்கிலாந்தை ஸ்பெயின் 4–3 என வென்றது. பிரித்தானியத் தீவுகளுக்குப் புறம்பான ஓர் அணியிடம் இங்கிலாந்து அடைந்த முதற்றோல்வி அது. ஸ்பானிய அணிக்குத் துணைநின்றவர் அதே பென்ற்லண்ட். தம் சொந்த நாட்டு மைந்தர் ஒருவரின் பயிற்சியும் தம் தோல்விக்குக் காரணமாயிற்று என்பதை ஆங்கிலேயர் ஊன்றி நோக்கியிருக்கலாம். ஆயின் 1931 டிசம்பரில் இலண்டனில் நடந்த ஆட்டத்தில் 7–1 எனப் பழிதீர்த்ததும் அப்பாடம் மறக்கப்பட்டது. அதே 1931ஆம் ஆண்டில், இரண்டாண்டு நாட்டில் வாழ்ந்திராத அந்நியர் ஆங்கிலக் கழகங்களில் ஆடலாகாதென்ற விதியும் பிறந்தது. கதவு உள்ளிருந்து சாத்தப்பட்டது.

சாத்திய கதவினூடே வந்த சிலரும் உண்டு. அவர்கள் பயிற்றுநராய் வந்தவரல்லர். 1937ஆம் ஆண்டில் உள்நாட்டுப் போரின் குண்டுவீச்சுக்குத் தப்பி, ஏறத்தாழ 4000 பாஸ்க் சிறுவர் சிறுமியர் ‘ஹபானா’ என்னும் கப்பலில் சவுதாம்ரன் துறைமுகத்தை அடைந்தனர். அகதிகளாய் வந்த அச்சிறுவருள் எமிலியோ அல்டெக்கோவா பின்னர் கொவென்றி சிற்றிக் கழகத்துக்கு ஆடி, ஆங்கில லீக்கில் ஆடிய முதல் ஸ்பானியர் எனப் பெயர்பெற்றார். கோல் காப்பாளர் ரைமுந்தோ லெசாமா, இங்கிலாந்தில் கற்ற ஆட்டத்தோடு தாயகம் மீண்டு அத்லெற்றிக் கழகத்தின் வெற்றிகளிற் பங்கு கொண்டார்.

1950 யூலையில் உலகக் கிண்ணத்தில் ஸ்பெயினிடம் 1–0 எனத் தோற்று இங்கிலாந்து வெளியேறியது. 1953 நவம்பரில் வெம்பிளி அரங்கிலேயே ஹங்கேரி 6–3 என வென்றது. தமக்கு வழிகாட்டியவர் ஆங்கிலப் பயிற்றுநரான ஜிம்மி ஹோகன் என ஹங்கேரியர் நன்றியோடு குறிப்பிட்டனர். அவ்வாறிருந்தும், பல முறை பந்தைக் கைமாற்றுவதிற் பயனில்லை, பெரும்பாலான கோல்கள் மிகச் சில உதைகளிலேயே பிறக்கின்றன என்று கணக்குக் காட்டிய சாள்ஸ் றீப் போன்றோரின் கொள்கை இங்கிலாந்தில் நெடுநாள் செல்வாக்குப் பெற்றிருந்தது. மழையில் நனைந்து சேறாகிய மைதானங்களும் அதற்குத் துணைநின்றன.

இதற்கிடையில் அந்தப் பழைய வித்து ஒல்லாந்து மண்ணில் வேரூன்றிக்கொண்டிருந்தது. மன்செஸ்டரைச் சேர்ந்த ஜக் ரெனோல்ட்ஸ், 1915ஆம் ஆண்டிலிருந்து இடையிட்டு மும்முறை அஜக்ஸ் கழகத்தைப் பயிற்றுவித்தார். அவரிடம் பயின்றவர் றினுஸ் மிகெல்ஸ். மற்றோர் ஆங்கிலேயரான விக் பக்கிங்ஹாம், 1964ஆம் ஆண்டில் யோஹான் குரைஃப் என்னும் பதினேழு வயது இளைஞரை அஜக்ஸ் அணியிற் சேர்த்தார். அதே பக்கிங்ஹாம் பின்னர் பார்சலோனாவின் பயிற்றுநரானார்; 1971ஆம் ஆண்டில் அவ்விடத்துக்கு வந்தவர் மிகெல்ஸ்; 1973ஆம் ஆண்டில் ஆட்டவீரராகவும், 1988ஆம் ஆண்டில் பயிற்றுநராகவும் வந்தவர் குரைஃப். அவரிடம் பயின்று, 1992ஆம் ஆண்டில் வெம்பிளி அரங்கில் ஐரோப்பியக் கிண்ணத்தை வென்ற பார்சலோனா அணியில் இடம்பெற்றவரே குவார்டியோலா.

கைமாறிவந்த இக்கலை அதே வடிவில் இருந்துவிடவில்லை. ஒல்லாந்தரும் ஸ்பானியரும் அதில் தம் சிந்தையையும் உழைப்பையும் கலந்தனர். பந்து தம்மிடமுள்ளபோது வீரர்கள் அகன்று நின்று மைதானத்தைப் பெரிதாக்குவர். இழந்தபோது நெருங்கிவந்து அதனைச் சிறிதாக்குவர். பந்தை வைத்திருப்பவருக்கு எப்போதும் இருவழி திறந்திருக்கும்படி மற்றையோர் முக்கோணமாக நிற்பர். பந்து பறிபோன கணத்திலேயே அண்மையிலுள்ளோர் வளைத்துக்கொள்வர். தாக்குதல் முன்னணியில் அன்று, கோல் காப்பாளரின் காலிலேயே தொடங்கும். இதற்கென ஒரு பயிற்சியுண்டு. வட்டமாய் நிற்போர், நடுவில் நிற்பவருக்கு எட்டாவண்ணம் பந்தை ஒரே தொடுகையில் மாற்றிக்கொண்டேயிருப்பர். இது சிறுவயதிலேயே பழகவேண்டிய வித்தை. 1979ஆம் ஆண்டில் பார்சலோனா தன் பழைய பண்ணைவீடொன்றை இளம் வீரர் விடுதியாக்கியது. அக்கழகத்தில் வளர்ந்த சாவி, இனியெஸ்ரா போன்றோர் நெடிய உருவினரல்லர். அவர்களைக் கொண்டே ஸ்பெயின் 2008, 2012ஆம் ஆண்டுகளில் ஐரோப்பியக் கிண்ணத்தையும் 2010ஆம் ஆண்டில் உலகக் கிண்ணத்தையும் வென்றது.

இங்கிலாந்தின் கதவு சிறிது சிறிதாகவே திறந்தது. அந்நியர் மீதான தடை 1978ஆம் ஆண்டில் நீங்கியது. 1995ஆம் ஆண்டில் ஐரோப்பிய நீதிமன்றம் பொஸ்மன் வழக்கில் அளித்த தீர்ப்பு, ஐரோப்பிய வீரர் நாடுவிட்டு நாடு செல்லுதலை எளிதாக்கியது. அதே ஆண்டில் லீக்கின் கீழ்ப்படியிலிருந்த விகன் கழகத்துக்கு மூன்று ஸ்பானிய இளைஞர் வந்தனர். அவருள் ஒருவரான ரொபேர்ட்டோ மார்ட்டினெஸ், 2013ஆம் ஆண்டில் பயிற்றுநராயிருந்து அக்கழகத்துக்குச் சங்கக் கிண்ணத்தை வென்றுகொடுத்தார். 2005ஆம் ஆண்டில் ரபாயேல் பெனித்தேஸின் லிவர்பூல் அணி, மூன்று கோல்கள் பின்தங்கியிருந்தும் ஐரோப்பியக் கிண்ணத்தை வென்றது. பதினாறு வயதில் ஆர்சனலுக்கு வந்த பப்ரெகாஸ், 2010ஆம் ஆண்டில் மன்செஸ்டர் சிற்றிக்கு வந்த சில்வா ஆகியோர், உடல் மெலிந்தோர் ஆங்கில மைதானத்தில் நிலைக்கமாட்டார் என்ற எண்ணத்தைத் தம் ஆட்டத்தாலேயே மறுத்தனர்.

இச்செல்வாக்கின் உண்மையான பயன் கிண்ணங்களில் மட்டும் தங்கியதன்று. உயரமும் எடையும் போதாவென்று திருப்பியனுப்பப்பட்ட சிறுவர் எத்தனையோ பேர். அத்தகையோருக்கும் இடமுண்டு என்ற நம்பிக்கையே அதன் மேலான பயன். 2017 அக்டோபர் 28ஆம் திகதி கல்கத்தாவில் நடந்த பதினேழு வயதுக்குட்பட்டோர் உலகக் கிண்ண இறுதியாட்டத்தில், இரு கோல்கள் பின்தங்கியிருந்த இங்கிலாந்து ஸ்பெயினை 5–2 என வென்றது. இரு கோல்களைப் போட்டுச் சுற்றுப்போட்டியின் சிறந்த வீரராகவும் தெரிவானவர், மன்செஸ்டர் சிற்றியில் வளர்ந்த மெலிந்த உருவினரான பில் போடன். ஆயினும் 2023ஆம் ஆண்டின் மகளிர் உலகக் கிண்ண இறுதியிலும், 2024ஆம் ஆண்டின் ஐரோப்பியக் கிண்ண இறுதியிலும் இங்கிலாந்தை வென்றது ஸ்பெயினே. கற்கவேண்டியது எஞ்சியிருந்தது என்பதற்கு அவை சான்று.

1959 டிசம்பரில், முதுமையெய்திய பென்ற்லண்டைப் பில்பாவோ மக்கள் மீண்டும் அழைத்து, செல்சி அணியோடு ஆட்டமொன்றை நடத்திப் பாராட்டினர். ஆசானை மறவாத நாடு ஆசானாயிற்று. தன் வீட்டுக் கலையைத் தானே புறக்கணித்த நாடு, அயலாரிடம் மாணாக்கராய் அமர்ந்து அதனைத் திரும்பப் பெற்றது. அவ்வாறு அமர்வதில் இழிவு ஏதுமில்லை. அமர மறுத்த ஆண்டுகளே இங்கிலாந்துக்கு இழப்பாயின.