சின்னத்திரைச் சிறுவர்களும் பெற்றோர் கையிலுள்ள அமானிதமும்

பிள்ளைச் செல்வம் வல்ல இறைவன் நமக்கு அளித்த அருட்கொடை. அதே வேளையில் அது நம் கையில் ஒப்படைக்கப்பட்ட அமானிதமும் ஆகும். அந்த அமானிதத்தை எவ்வாறு பேணினோம் என்று நாளை மறுமையில் வினவப்படுவோம். பிள்ளையின் உணவு, உடை, கல்வி ஆகியவற்றைக் குறித்து இல்லந்தோறும் பேசுகிறோம். பிள்ளையின் முகத்தைக் குறித்தும், அந்த முகம் ஈட்டித் தரும் பொருளைக் குறித்தும் சிந்தித்திருக்கிறோமா? இன்று ஒவ்வொரு வீட்டிலும் கைப்பேசி இருக்கிறது. மழலை பேசும் குழந்தை முதல் கிராஅத் ஓதும் சிறுவன் வரை அனைவரும் அதன் முன் நிறுத்தப்படுகின்றனர். ஆகவே சின்னத்திரையில் தோன்றி வளர்ந்த சிறுவர் சிலரின் வாழ்க்கையை அறிந்துகொள்வது நம் இல்லங்களுக்குப் பயன் தரும்.

நடிப்புத் தொழில் மார்க்கத்தில் கூடுமா, கூடாதா என்பது உலமாப் பெருமக்கள் கூற வேண்டிய தீர்ப்பு. இக்கட்டுரை அதனுள் செல்லவில்லை. பிள்ளையின் உழைப்பும் உரிமையும் மட்டுமே இங்கு நமது பொருள்.

மால்குடியின் சிறுவன்

1980களின் பிற்பகுதியில் தூர்தர்ஷன் பார்த்தவர்கள் 'மால்குடி டேஸ்' தொடரை எளிதில் மறந்திருக்க மாட்டார்கள். தெருவுக்கு ஒரு தொலைக்காட்சிப் பெட்டி இருந்த காலம் அது. 1906ஆம் ஆண்டில் சென்னையில் பிறந்த எழுத்தாளர் ஆர். கே. நாராயணனின் கதைகளைக் கன்னடக் கலைஞர் சங்கர் நாக் இத்தொடராக இயக்கினார். கர்நாடகத்தின் மலைச் சிற்றூரான ஆகும்பேயில் பெரும்பகுதி படமாக்கப்பட்டது. எழுத்தாளரின் தம்பியும் புகழ்பெற்ற கேலிச்சித்திரக்காரருமான ஆர். கே. லட்சுமணன் அதற்குச் சித்திரங்கள் வரைந்தார்.

அத்தொடரில் சுவாமி என்னும் பள்ளிச் சிறுவனாக வந்தவர் மாஸ்டர் மஞ்சுநாத். 1976இல் பிறந்த அவர் மழலைப் பருவத்திலேயே கன்னடத் திரையுலகில் அடியெடுத்து வைத்தவர். பரீட்சைக்கு அஞ்சி, தந்தைக்கு அஞ்சி, நண்பர்களோடு பந்தடிக்க ஓடும் அச்சிறுவனிடம் நாடெங்கும் உள்ள பெற்றோர் தம் பிள்ளைகளையே கண்டனர். 1990இல் வெளிவந்த 'அக்னிபத்' என்னும் இந்திப் படத்தில் அமிதாப் பச்சன் ஏற்ற பாத்திரத்தின் இளமைப் பருவத்திலும் அவரே நடித்தார். அறுபதுக்கும் மேற்பட்ட படங்கள் அவருடைய பெயரில் உள்ளன.

அதே 1990ஆம் ஆண்டு செப்டம்பர் 30 அன்று சங்கர் நாக் சாலை விபத்தில் காலமானார். சிறுவனைத் திரைக்குள் வழிநடத்திய கை மறைந்தது. ஆயினும் சிறுவனின் வாழ்வு நிலைகுலையவில்லை. ஏறத்தாழ 19ஆம் வயதில் மஞ்சுநாத் நடிப்பை விட்டு விலகினார். கல்வியைத் தொடர்ந்தார், பட்டங்கள் பெற்றார். பின்னர் பெங்களூர்–மைசூர் சாலைத் திட்டத்தில் மக்கள் தொடர்புப் பணியில் ஈடுபட்டார். கோடிக்கணக்கானோர் அறிந்த முகத்திற்குரியவர், பிறரைப் போல் ஓர் அலுவலில் அமர்ந்து, பிறரைப் போல் குடும்ப வாழ்வு நடத்தினார். புகழ் வந்தது, தன் காலம் முடிந்ததும் சென்றது. புகழ் சென்ற பின் நிற்பதற்கு அவருக்குக் கல்வி என்னும் தரை இருந்தது.

மற்றொரு சிறுவன்

இதற்கு நேர்மாறான வரலாறு ஒன்றும் உண்டு. அச்சிறுவன் தோன்றியது சின்னத்திரையில் அன்று, பெரிய திரையில். பெங்களூரில் வறிய குடும்பத்தில் பிறந்து, இளவயதிலேயே பம்பாய்க்கு ஓடிச் சென்று தெருவோரத்தில் வாழ்ந்த ஷஃபீக் சையத் என்னும் நம் சமுதாயச் சிறுவன் அவன். இயக்குநர் மீரா நாயர் 'சலாம் பாம்பே' படத்திற்காகத் தெருவோரச் சிறுவர்களைத் தேர்ந்தெடுத்துப் பயிற்சி அளித்தபோது, முதன்மைப் பாத்திரம் ஷஃபீக்கிற்குக் கிடைத்தது. 1988இல் அப்படம் கேன்ஸ் திரைப்பட விழாவில் முதற்படத்திற்கான விருதை வென்றது. ஆஸ்கார் போட்டிக்கும் முன்மொழியப்பட்டது. ஷஃபீக்கிற்குச் சிறந்த குழந்தை நட்சத்திரத்துக்கான தேசிய விருது கிடைத்தது.

அதன் பின் அழைப்புகள் பெரிதாக வரவில்லை. 1990களில் பெங்களூர் திரும்பிய அவர் ஆட்டோ ஓட்டிக் குடும்பத்தைக் காத்தார். ஆட்டோ ஓட்டுவது இழிவான தொழிலன்று. ஹலாலான உழைப்பு எதுவாயினும் அது கண்ணியமே. எனினும் நாடே பாராட்டிய ஒரு பிள்ளைக்கு, விருது வழங்கிய கைகளால் ஒரு பள்ளிக்கூடத்தைக் காட்ட இயலவில்லையே என்பதுதான் நெஞ்சை உறுத்துகிறது. அப்படத்தின் வழியே தெருவோரக் குழந்தைகளுக்காகச் சலாம் பாலக் அறக்கட்டளை தொடங்கப்பட்டதை இங்கு நன்றியுடன் குறிப்பிட வேண்டும். ஆயினும் அக்கதையின் நாயகன் தன் வாழ்க்கைப் பாதையைத் தானே வெட்டிக்கொள்ள வேண்டியிருந்தது.

இருவருமே ஏறக்குறைய ஒரே வயதினர். இருவரும் பெங்களூர்ப் பிள்ளைகள். திறமையிலும் குறைந்தவர் எவருமில்லை. ஒருவருக்குப் பின்னால் குடும்பமும் பள்ளியும் இருந்தன. மற்றவருக்குப் பின்னால் தெரு இருந்தது. வேற்றுமை அங்கேதான் தொடங்குகிறது.

சட்டம் தந்த பாதுகாப்பு

குடும்பம் இருந்தால் மட்டும் போதுமா என்றால், அதுவும் போதாது என்று அமெரிக்க வரலாறு காட்டுகிறது. 1921இல் சார்லி சாப்ளினுடன் 'தி கிட்' படத்தில் நடித்த ஜாக்கி கூகன் சிறுவயதில் பல இலட்சம் டாலர் ஈட்டினார். வளர்ந்து கணக்குக் கேட்டபோது பெரும்பகுதி செலவழிந்திருந்தது. 1938இல் தன் தாயின் மீதும் மாற்றாந்தந்தையின் மீதும் வழக்குத் தொடுத்தார். இறுதியில் அவர் கைக்கு வந்தது ஏறத்தாழ 1,26,000 டாலர் மட்டுமே. அதன் விளைவாக 1939இல் குழந்தை நடிகர்களின் வருமானத்தைக் காக்கும் சட்டம் கலிபோர்னியாவில் பிறந்தது.

நம் நாட்டில் குழந்தைத் தொழிலாளர் சட்டம் 2016இல் திருத்தப்பட்டு, 14 வயதுக்குட்பட்ட பிள்ளைகளை வேலைக்கு அமர்த்துவது முற்றிலும் தடை செய்யப்பட்டது. இதற்கு இரு விலக்குகள் உண்டு. ஒன்று, பள்ளி நேரம் போகக் குடும்பத்திற்கு உதவுவது; அபாயகரமானவை எனப் பட்டியலிடப்பட்ட தொழில்கள் இதில் அடங்கா. மற்றொன்று, திரைப்படம், தொலைக்காட்சி, விளம்பரம் முதலியவற்றில் கலைஞராகப் பங்கேற்பது. இரண்டாவதற்கு 2017ஆம் ஆண்டு விதிகள் சில வரம்புகளை இட்டன. நாளொன்றுக்கு 5 மணி நேரத்திற்கு மேல் பிள்ளையை ஈடுபடுத்தக் கூடாது. ஓய்வின்றித் தொடர்ந்து 3 மணி நேரத்திற்கு மேல் நிறுத்தக் கூடாது. தொடர்ச்சியாக 27 நாட்களுக்கு மேல் கூடாது. தயாரிப்பாளர் மாவட்ட ஆட்சியரிடம் முன் அனுமதி பெற வேண்டும். பிள்ளையின் படிப்பு தடைபடாமல் ஏற்பாடு செய்ய வேண்டும். வருமானத்தில் குறைந்தது 20 சதவீதம் பிள்ளையின் பெயரில் தேசிய வங்கியில் நிரந்தர வைப்பாக இடப்பட வேண்டும். பிள்ளையின் விருப்பத்திற்கு மாறாக எதிலும் ஈடுபடுத்தக் கூடாது.

இவ்விதிகள் படப்பிடிப்புத் தளத்தை மனத்திற்கொண்டு எழுதப்பட்டவை. வீட்டுக்குள் தாய் தந்தையரே கைப்பேசியில் படமெடுத்து வெளியிட்டுப் பணம் ஈட்டும்போது மணி பார்ப்பவர் யார்? அமெரிக்காவின் இல்லினாய் மாநிலம் 2024 சூலை முதல் இத்தகைய பிள்ளைகளுக்கும் வருமானத்தில் பங்கு ஒதுக்க வேண்டும் எனச் சட்டமியற்றியுள்ளது. நம் வீட்டில் இறையச்சமே அந்தச் சட்டமாக இருக்க வேண்டும்.

தறியருகே கற்ற பாடம்

ஆரணியையும் சேத்துப்பட்டையும் சுற்றி வாழும் மக்களுக்கு இது புதிய பாடமன்று. பட்டுத்தறியில் கோர்வைக் கரை போட நெசவாளருக்குத் துணையாள் ஒருவர் வேண்டும். முன்னாளில் அந்த இடத்தில் சிறுபிள்ளைகளை அமர்த்தும் வழக்கம் பட்டு நெசவு ஊர்களில் பரவியிருந்தது. பெற்றோர் வாங்கிய முன்பணத்திற்காகப் பள்ளிப் பருவத்தைத் தறியருகே கழித்த பிள்ளைகள் எத்தனையோ பேர். சேலை மின்னியது, அதற்குக் கரை சேர்த்த பிள்ளைக்கு எழுத்து தெரியவில்லை. அது தவறென்று சமுதாயம் உணர்ந்தது. சட்டமும் துணை வந்தது.

தறிக்குழியின் அருகே தவறெனக் கண்டதை, வண்ண விளக்கின் கீழே சரியெனக் கொள்ளலாமா? அங்கே வியர்வை தெரிந்தது. இங்கே ஒப்பனை அதை மறைக்கிறது. பிள்ளையின் பொழுது இரண்டு இடத்திலும் ஒன்றே.

திருக்குர்ஆனின் அந்நிஸா அத்தியாயம் அநாதைகளின் சொத்தைப் பற்றிப் பேசும்போது, அவர்கள் பருவமும் தெளிவும் அடைந்ததும் அதனைச் சாட்சிகள் முன்னிலையில் ஒப்படைக்குமாறு பொறுப்பாளர்களுக்கு ஆணையிடுகிறது. அவர்கள் வளர்ந்துவிடுவார்களே என்று அவசர அவசரமாக விழுங்கிவிடுவதையும் தடுக்கிறது. இக்கட்டளை யத்தீம்களைக் குறித்தது. என்றாலும் பெற்றோர் உயிரோடிருக்கும் பிள்ளையின் பொருளையும் அதே அச்சத்தோடு கையாள்வதன்றோ நமக்குச் சிறப்பு?

பெற்றோரின் கவனத்திற்கு

பிள்ளை மேடை ஏறினாலும், போட்டியில் ஓதினாலும், கைப்பேசியில் தோன்றினாலும் மூன்று வினாக்களை நமக்குள் கேட்டுக்கொள்வோம். இதனால் பள்ளியும் மத்ரஸாவும் ஒரு நாளேனும் தடைபடுகின்றனவா? இதில் வரும் பொருள் பிள்ளையின் பெயரில் சேர்கிறதா? பிள்ளை 'வேண்டாம்' என்று சொன்னால் நாம் நிறுத்துவோமா? மூன்றாவது வினாவுக்கு 'ஆம்' என்று சொல்ல நா தயங்குமாயின், அன்றே அதனை நிறுத்திவிடுவது நலம்.

பாராட்டு வேண்டாமென்பதில்லை. பிள்ளையின் திறமையை உச்சி முகர்ந்து பாராட்டுவோம். ஊரார் கைதட்டல் ஓய்ந்த பிறகும் பிள்ளை தலைநிமிர்ந்து நடக்கும் வண்ணம் கல்வியைக் கொடுப்போம். நம் பிள்ளைகளை நம் கண்களுக்குக் குளிர்ச்சியாகவும், அவர்கள் விஷயத்தில் நம்மை நம்பிக்கைக்குரியவர்களாகவும் ஆக்கி வைக்க எல்லாம் வல்ல அல்லாஹ் அருள் புரிவானாக. ஆமீன்.