திரைப்படத்தில் நெய்தல்

சென்னையில் சாந்தோமுக்குத் தெற்கே, அடையாற்றின் கழிமுகம் வரை அமைந்த கடற்கரைப் பகுதி பட்டினப்பாக்கம் எனப்படும். பட்டினம், பாக்கம் என்னும் இரண்டனையும் நெய்தல் நிலத்து ஊர்ப்பெயர்களாக அகப்பொருள் இலக்கணம் கூறும். அவ்விரண்டும் ஒன்றிய பெயருடைய இக்கரையில் மீனவர் இன்றும் வாழ்கின்றனர். இத்தகைய கரைவாழ்வைத் திரைப்படம் எங்ஙனம் காட்டுகின்றது என்பதை ஈண்டு ஆராய்வோம்.

தொல்காப்பியர் முதல், கரு, உரி என்னும் மூன்றும் பாடலுள் முறையே ஒன்றினொன்று சிறந்தன என்பர். நிலமும் பொழுதும் முதற்பொருள்; உணவும் தொழிலும் தெய்வமும் போல்வன கருப்பொருள்; நெய்தற்குரிய உரிப்பொருள் இரங்கல். இப்பாகுபாடு திரைப்படத்தை அளத்தற்கும் பொருந்துவதாம்.

டி. பிரகாஷ் ராவ் இயக்கத்தில் எம். ஜி. இராமச்சந்திரன் நடித்த ‘படகோட்டி’ 1964-இல் வெளிவந்தது. மீனவர் குழுக்கள் இரண்டனிடையே பகைமூட்டிப் பயன்கொள்ளும் செல்வரின் கொடுமையை அது எடுத்துரைக்கின்றது. கடலும் படகும் வலையும் அதன்கண் நிரம்ப உள. எனினும் தலைவனின் வெற்றியே அதன் முடிபு. கரை அவ்வெற்றிக்குக் களமாக அமைகின்றது.

அண்டை மொழியாகிய மலையாளத்தில், தகழி சிவசங்கரப் பிள்ளையின் புதினத்தைத் தழுவி ராமு காரியத் இயக்கிய ‘செம்மீன்’ அடுத்த ஆண்டே வெளிவந்தது. கடல்மேற் சென்றவன் உயிர் கரையிலுள்ள மனைவியின் கற்பினைச் சார்ந்தது என்னும் மீனவர் நம்பிக்கையே அக்கதையை நடத்துகின்றது. கருப்பொருள் அங்கு அணியன்று. கதையின் உயிரே ஆயிற்று.

தமிழில் இந்நெறியில் மேலும் சென்றது, 2012-இல் சீனு ராமசாமி இயக்கிய ‘நீர்ப்பறவை’. கடலில் சுட்டுக் கொல்லப்பட்ட கணவனை எண்ணி வாழும் எஸ்தர், முதுமையில் தன் கதையைக் கூறுகின்றாள். சங்கத் தலைவி இரங்கியது தலைவன் வாராமையால். எஸ்தர் இரங்குவது எல்லைக் கடலில் பாய்ந்த குண்டினால். உரிப்பொருள் மாறவில்லை; அதன் காரணம் மாறிற்று. அம்மாற்றத்திலேயே நம் காலச் சமுதாய வரலாறு பதிந்துள்ளது எனலாம்.

2004 டிசம்பர் 26-இல் ஆழிப்பேரலை பட்டினப்பாக்கக் கரையைத் தாக்கிற்று. பின்னரும் கடலரிப்பால் வீடுகள் இடிந்துள்ளன. கரை மாறுங்கால், நாளைய ஆய்வாளர்க்குத் திரைப்படமும் ஒரு சான்றாக எஞ்சும். அச்சான்று மெய்யானதா என்று உரைக்கத்தக்க மக்கள் இன்று நம்மிடையே உளர். ஆதலின், கடல் தோன்றும் படமெல்லாம் நெய்தற் படம் எனக் கொள்ளாது, அம்மக்களின் சொல்லையும் துயரையும் முதற்கண் கேட்டறிந்து, பின்னரே படத்தை அளத்தல் ஆய்வு மாணவர் கடனாகும்.