சங்கத்துப் பிணக்கு: ரிட்டுக்கு முன்னால் ஏற வேண்டிய படிகள்

"ஆணையாளருக்கு எழுதி என்ன நடக்கப் போகுது காக்கா? நல்ல சட்டத்தரணி ஒருத்தரப் புடிச்சு ரிட் ஒண்டு போடுவம்." கல்முனைப் பக்கம் மீனவர் சங்கத்திலோ நெசவாளர் சங்கத்திலோ பலநோக்குக் கூட்டுறவுச் சங்கத்திலோ பிணக்கு முற்றினால் தேநீர்க் கடையில் இந்த யோசனைதான் முதலில் வரும். சட்டப்படி பார்த்தால் அது கடைசியில் வர வேண்டிய யோசனை.

ஓர் உதாரணம். நிந்தவூரில் ஒருவர் தோணி இயந்திரத்துக்காகத் தன் சங்கத்தில் 2 இலட்சம் ரூபா கடன் எடுத்தார் என்று வைத்துக்கொள்வோம். முழுவதையும் கட்டிவிட்டதாக அவர் சொல்கிறார். சங்கத்துப் பேரேடோ இன்னும் 60,000 ரூபா நிலுவை என்கிறது. அவர் கையில் இருக்கும் பற்றுச்சீட்டு ஒன்றுக்குப் பேரேட்டில் பதிவே இல்லை. பொய் சொல்வது சீட்டா, பேரேடா? பிணக்கு முழுவதும் இந்தக் கேள்வியில்தான் நிற்கிறது.

சட்டம் காட்டும் வழி

இலங்கையின் 1972ஆம் ஆண்டு 5ஆம் இலக்கக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 58ஆம் பிரிவு இதற்கென்றே இருக்கிறது. சங்கத்தின் தொழில் தொடர்பாக அங்கத்தவர்களுக்கு இடையிலோ, அங்கத்தவருக்கும் சங்கத்துக்கும் இடையிலோ, இரண்டு சங்கங்களுக்கு இடையிலோ பிணக்கு வந்தால் அதைப் பதிவாளரிடம் கொண்டுபோக வேண்டும். கூட்டுறவு ஆணையாளர் என்று ஊரில் சொல்வது இவரைத்தான்.

அவர் இரண்டில் ஒன்றைச் செய்யலாம். தானே விசாரித்துத் தீர்க்கலாம். அல்லது நடுத்தீர்ப்பாளர் ஒருவரிடம் ஒப்படைக்கலாம். நடுத்தீர்ப்பாளரின் முடிவு பிடிக்காதவர், விதிகள் சொல்லும் காலத்துக்குள் பதிவாளரிடமே மேன்முறையீடு செய்யலாம். பதிவாளர் தரும் முடிவு இறுதியானது. அதற்கு எதிராகச் சிவில் நீதிமன்றத்தில் வழக்குப் போட முடியாது.

ஊழியர் நியமனம், ஒழுக்காற்று நடவடிக்கை போன்றவற்றின் பாதை வேறு. அவற்றுக்காகக் கூட்டுறவு ஊழியர் ஆணைக்குழுவை அமைக்கும் தனிச் சட்டமொன்றும் அதே 1972இல் வந்தது. பிணக்கு எந்த வகை என்று முதலில் தெரிந்துகொண்டால் அலைச்சல் குறையும்.

இந்தப் படி முறை நமக்குப் புதிதில்லை. காதியின் தீர்ப்பில் குறை என்றால் காதிகள் சபைக்குப் போகிறோம், அதன் பிறகே மேன்முறையீட்டு நீதிமன்றம். பள்ளிவாசல் விவகாரத்தில் வக்பு சபையின் கட்டளை சரியில்லை என்றால் அடுத்த படி வக்பு நியாயசபை. கூட்டுறவுச் சங்கத்துக்கும் அப்படியோர் ஏணி உண்டு.

ரிட் நீதிமன்றம் எதைப் பார்க்கும்?

ரிட் என்று சொல்லும் எழுத்தாணை மனுவை விசாரிக்கும் நீதிபதி, பற்றுச்சீட்டையும் பேரேட்டையும் பக்கத்தில் வைத்துக் கணக்குப் பார்க்கமாட்டார். முடிவு எடுத்தவருக்கு அந்த அதிகாரம் இருந்ததா, உங்கள் பக்கத்தைக் கேட்டாரா, சட்டத்தை மீறினாரா, நியாய புத்தியுள்ள எவரும் எடுக்காத முடிவா என்றுதான் பார்ப்பார். 60,000 ரூபா கட்டப்பட்டதா என்பது நடுத்தீர்ப்பாளரும் பதிவாளரும் தீர்க்க வேண்டிய கேள்வி. அங்கே அந்தச் சீட்டைக் காட்டாதவர் பிறகு அதைக் காட்ட இடம் கிடைப்பது அரிது.

அத்தோடு எழுத்தாணை என்பது கேட்டவுடன் கிடைக்கும் உரிமையில்லை. நீதிமன்றத்தின் தற்றுணிபில் தங்கியது. போதுமான மாற்றுப் பரிகாரம் சட்டத்தில் இருந்தும் அதை விட்டுவிட்டு வந்தால், தாமதித்து வந்தால், உண்மையை மறைத்து வந்தால், மனு அந்தக் காரணத்துக்காகவே தள்ளப்படலாம். அதற்குள் மேன்முறையீட்டுக் காலமும் ஓடிப்போயிருந்தால் நடுத்தீர்ப்பாளரின் முடிவே இறுதியாகி, சங்கம் பணத்தை அறவிடத் தொடங்கிவிடும். இரண்டு வாசலும் மூடிக்கொள்ளும்.

விதிவிலக்குகள்

நேரே நீதிமன்றம் போகக் கூடிய சந்தர்ப்பங்களும் உண்டு. அதிகாரமே இல்லாதவர் கட்டளை இட்டிருந்தால், ஒரு வார்த்தையும் கேட்காமல் முடிவு செய்திருந்தால், மேன்முறையீடு பெயருக்கு மட்டும் இருந்து பரிகாரம் தராது என்றால், மாற்று வழி இருப்பது மட்டும் தடையாகாது. நடுத்தீர்ப்பாளரிடம் அனுப்பாமல் பதிவாளரே நேரடியாகத் தீர்த்துவிட்டால், 58ஆம் பிரிவில் அடுத்த படி கிடையாது. அந்த முடிவில் சட்டப் பிழை இருந்தால் எழுத்தாணைதான் வழி. 'இறுதியானது' என்று சட்டம் சொன்னாலும், எழுத்தாணை வழங்கும் அதிகாரத்தை நீதிமன்றங்களுக்கு அரசியலமைப்பே தந்திருக்கிறது.

தமிழ்நாட்டிலும் போக்கு ஏறத்தாழ இதுதான். அங்குள்ள 1983ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தில் பிணக்குக்கு 90ஆம் பிரிவு, மேன்முறையீட்டுக்கு 152, சீராய்வுக்கு 153 என்று படிகள் இருக்கின்றன. அவற்றைத் தாண்டி வருபவரிடம், ஏன் தாண்டினீர்கள் என்றுதான் உயர் நீதிமன்றம் முதலில் கேட்கும்.

எந்த நீதிமன்றம்?

1987இல் வந்த இலங்கை அரசியலமைப்பின் 13ஆவது திருத்தத்தின்படி கூட்டுறவு மாகாண சபை நிரலில் உள்ள விடயம். அந்த நிரலில் உள்ள விடயங்களில் மாகாண அதிகாரிகள் எடுக்கும் முடிவுகள் மீது மாகாண மேல் நீதிமன்றம் எழுத்தாணை வழங்கலாம். ஆகவே கிழக்கு மாகாண ஆணையாளரின் முடிவுக்கு எதிராகக் கொழும்புக்கு பஸ் ஏறத்தான் வேண்டும் என்றில்லை. கல்முனையிலேயே மாகாண மேல் நீதிமன்றம் இருக்கிறது.

செய்ய வேண்டியவை

முடிவுக் கடிதம் கைக்கு வந்த திகதியை உறையிலேயே எழுதி வையுங்கள். உறையை எறிய வேண்டாம். மேன்முறையீட்டுக்கு எத்தனை நாள், பணம் ஏதும் கட்ட வேண்டுமா என்று அன்றே கூட்டுறவு அலுவலகத்தில் கேளுங்கள். சங்கத்தின் துணைவிதிகளில் ஒரு பிரதி எடுங்கள். மேன்முறையீட்டில் எல்லாக் காரணங்களையும் இலக்கமிட்டு எழுதி, பற்றுச்சீட்டுகளின் பிரதிகளை இணைத்து, பதிவுத் தபாலில் அனுப்பி, தபால் துண்டைப் பத்திரப்படுத்துங்கள். நேரில் கொடுத்தால் உங்கள் பிரதியில் திகதி முத்திரை வாங்குங்கள். விசாரணையில் சாட்சி சொல்ல விடாவிட்டால் வாயால் சண்டை பிடித்துவிட்டு வராமல், அன்றே எழுத்தில் ஆட்சேபம் கொடுங்கள்.

மேன்முறையீட்டில் வென்றால் வழக்குச் செலவு மிச்சம். தோற்றாலும் நிந்தவூர்க்காரர் வெறுங்கையோடு நீதிமன்றம் போகமாட்டார். அந்தப் பற்றுச்சீட்டை அவர் நீட்டியதற்கும், அதைப் பார்க்காமலே முடிவு எழுதப்பட்டதற்கும் முத்திரை குத்திய சான்று அவர் கோப்பில் இருக்கும். ரிட் மனுவுக்கு வேண்டியதும் அதுதான்.